ரிப்போர்ட்டில் இல்லாத தகவல்

மார்பகப் புற்றுநோய்க்கு ஏறத்தாழ முக்கால் நூற்றாண்டுக் காலம் ஒரே ஒரு பதில்தான் இருந்தது. அமெரிக்க அறுவை மருத்துவர் வில்லியம் ஹால்ஸ்டெட் 1894-இல் தம் நோயாளிகளின் விவரங்களை வெளியிட்டார். மார்பகம், அதன் அடியில் இருக்கும் நெஞ்சுத் தசைகள், அக்குளில் இருக்கும் நிணநீர் முடிச்சுகள் எல்லாவற்றையும் ஒருசேர அகற்றுவது அவர் முறை. புற்றுநோய் ஓரிடத்தில் முளைத்துப் படிப்படியாக அக்கம்பக்கம் பரவுகிறது, ஆகவே எவ்வளவு அகலமாக வெட்டுகிறோமோ அவ்வளவு பாதுகாப்பு என்பது அதன் பின்னிருந்த தர்க்கம். கேட்பதற்கு நியாயமாகத்தான் இருந்தது. பிட்ஸ்பர்க் நகரின் பெர்னார்ட் ஃபிஷர் இதைச் சந்தேகித்தார். புற்றுச் செல்கள் மிகத் தொடக்கத்திலேயே ரத்தத்தில் கலந்துவிடக்கூடும், அப்படியானால் வெட்டின் அகலத்துக்கும் உயிர் பிழைப்பதற்கும் பெரிய தொடர்பு இருக்க முடியாது என்றார். இத்தாலியின் மிலான் நகரில் உம்பெர்த்தோ வெரோனேசியும் சிறிய கட்டிக்கு இவ்வளவு பெரிய ஆபரேஷன் தேவையா என்று கேட்டார். இருவரும் வாதத்தோடு நிற்காமல் பரிசோதனையில் இறங்கினார்கள்.

மிலானில் 1973 முதல் 1980 வரை, இரண்டு சென்டிமீட்டருக்கு மேற்படாத கட்டி இருந்த 701 பெண்கள் குலுக்கல் முறையில் இரு குழுக்களாகப் பிரிக்கப்பட்டார்கள். ஒரு குழுவுக்கு ஹால்ஸ்டெட் முறையில் முழு அகற்றம். மறு குழுவுக்குக் கட்டி இருந்த பகுதியை மட்டும் எடுத்துவிட்டு ரேடியேஷன். இருபது ஆண்டு கழித்துக் கணக்குப் பார்த்தபோது, எல்லாக் காரணங்களாலும் இறந்தவர்கள் முதல் குழுவில் நூற்றுக்கு 41.2, இரண்டாவது குழுவில் 41.7. ஃபிஷர் குழுவினர் 1976-இல் தொடங்கிய ஆய்வில் 1,851 பெண்களின் விவரங்கள் அலசப்பட்டன. அங்கும் உயிர் பிழைப்பதில் வித்தியாசம் தென்படவில்லை. வித்தியாசம் வேறோர் இடத்தில் இருந்தது. கட்டியை மட்டும் எடுத்துவிட்டு ரேடியேஷன் கொடுக்காமல் விட்டவர்களில் நூற்றுக்கு 39.2 பேருக்கு அதே மார்பில் கட்டி திரும்ப வந்தது. ரேடியேஷன் கொடுத்தவர்களில் அது 14.3 ஆகக் குறைந்தது. இரண்டு ஆய்வுகளின் இருபதாண்டு முடிவுகளும் 2002-இல் வெளியாயின. அதற்கு முன்பே, 1990-இல், அமெரிக்கத் தேசிய சுகாதார நிறுவனங்கள் கூட்டிய நிபுணர் மாநாடு ஆரம்பக் கட்டப் புற்றுநோயுள்ள பெரும்பாலான பெண்களுக்கு மார்பகத்தைக் காப்பாற்றும் சிகிச்சை ஏற்றது என்று அறிவித்துவிட்டது.

மருத்துவ வரலாற்றில் இது பெரிய வெற்றி. ஆனால் நோயாளியின் பக்கத்திலிருந்து பார்த்தால், இந்த வெற்றி ஒரு புதுச் சிக்கலையும் கொண்டுவந்தது. கட்டி பல இடங்களில் இருந்தால், மார்பகத்தின் அளவோடு ஒப்பிடப் பெரிதாக இருந்தால், முன்பே நெஞ்சில் ரேடியேஷன் வாங்கியிருந்தால் தேர்வுக்கு இடம் குறைவு. மற்றவர்களுக்கு ஆயுளைப் பொறுத்தவரை இரண்டு வழிகளும் ஒன்று, மற்ற எல்லாவற்றிலும் வேறு. பகுதி அகற்றம் என்றால் ரேடியேஷனுக்காகத் தினமும் மருத்துவமனைக்குப் போகவேண்டும். முன்பு அது ஐந்தாறு வாரம். இன்று பல இடங்களில் மூன்று வாரம், சில இடங்களில் ஒரே வாரம். ஓரங்களில் புற்றுச் செல் தங்கியிருந்தால் மறுபடி ஆபரேஷன் மேஜை. ஆண்டுதோறும் மேமோகிராம், அதன் ரிப்போர்ட் வரும்வரை படபடப்பு. முழு அகற்றம் என்றால் இவற்றில் பெரும்பகுதி இல்லை. ஆனால் உடம்பில் ஒரு வெற்றிடம், அதை நிரப்ப விரும்பினால் இன்னொரு ஆபரேஷன், உடுத்துவதில் தொடங்கித் தாம்பத்தியம் வரை மாற்றங்கள். ரேடியேஷன் கருவி இருக்கும் ஊரிலேயே வசிக்கும் ஆசிரியைக்கும், நூறு கிலோமீட்டர் தள்ளி ஆடு மாடு வைத்துக்கொண்டு தனியாக இருக்கும் பெண்ணுக்கும் கட்டியின் அளவும் தன்மையும் ஒன்றாக இருக்கலாம். பயாப்ஸி ரிப்போர்ட் ஒன்றாக இருக்கலாம். சரியான சிகிச்சை ஒன்றாக இருக்கவேண்டியதில்லை.

இந்த அத்தியாயத்தின் வாதம் இங்கேதான் தொடங்குகிறது. சிகிச்சையைத் தேர்ந்தெடுக்க இரண்டு வகைத் தகவல்கள் வேண்டும். நோயைப் பற்றியது மருத்துவரிடமும் ஸ்கேனிலும் ஸ்லைடிலும் இருக்கிறது. வாழ்க்கையைப் பற்றியது நோயாளியிடம் மட்டுமே இருக்கிறது, எந்தக் கருவியாலும் அதைப் படம் பிடிக்க முடியாது. தையற்காரர் எவ்வளவு கைதேர்ந்தவராக இருந்தாலும் அளவு கொடுக்காமல் சட்டை தைத்து வாங்க முடியாது. சிகிச்சை பற்றிப் பேச மருத்துவரைச் சந்திப்பதற்கு முன் செய்யும் தயாரிப்பை நாம் பொதுவாக ஒரு நல்ல பழக்கம், படித்தவர்களின் சாமர்த்தியம் என்ற அளவில்தான் பார்க்கிறோம். உண்மையில் அது நோய் நிர்ணயத்தின் விடுபட்ட பாதி. அதைச் செய்யாமல் எடுக்கும் முடிவு, பாதி ரிப்போர்ட்டை வைத்து எடுக்கும் முடிவு.

ஊகத்துக்கு எவ்வளவு பலம்?

ஆயிரக்கணக்கானவர்களைப் பார்த்த அனுபவமுள்ள மருத்துவருக்கு, எதிரே இருப்பவருக்கு என்ன வேண்டும் என்று ஊகிக்கத் தெரியாதா என்று கேட்கலாம். நியாயமான கேள்வி, அதற்கு அளந்து பார்த்த பதில் இருக்கிறது. ஆல்பர்ட் முல்லியும் அவருடைய சகாக்களும் 2012-இல் பிரிட்டிஷ் மெடிக்கல் ஜர்னலில் எழுதிய கட்டுரையில் சில ஆய்வு முடிவுகளை எடுத்துக்காட்டினார்கள். மார்பகத்தைக் காப்பாற்றிக்கொள்வது நூற்றில் 71 நோயாளிகளுக்கு முதன்மையான விருப்பமாக இருக்கும் என்று மருத்துவர்கள் நினைத்தார்கள். நோயாளிகளைக் கேட்டபோது அப்படிச் சொன்னவர்கள் 7 பேர். கீமோ பற்றி முடிவெடுக்க வேண்டியவர்களில் 96 பேர் கூடிய வரை நீண்ட நாள் வாழ்வதையே முதன்மையாகக் கருதுவார்கள் என்று மருத்துவர்கள் நினைத்தார்கள். நோயாளிகளில் அப்படிச் சொன்னவர்கள் 59 பேர். பத்துக்கு ஒன்று தவறும் ஊகத்தைப் பொறுத்துக்கொள்ளலாம். மார்பகத்தைப் பற்றியது பத்து மடங்கு தவறுகிற ஊகம். நோயைத் தவறாகக் கணிப்பது போலவே விருப்பத்தைத் தவறாகக் கணிப்பதும் ஒரு மருத்துவப் பிழைதான், ஆனால் அது வெளியே தெரிவதில்லை என்பது அவர்கள் வாதம். வேண்டாத சிகிச்சை வெற்றிகரமாக முடிந்தால் அதைப் பிழை என்று பதிவு செய்ய எந்தப் பதிவேட்டிலும் இடம் இல்லை அல்லவா?

இந்தப் பிழை தனி மனிதரின் கவனக்குறைவால் வருவதும் இல்லை. ஜான் வென்பெர்க் அமெரிக்காவின் வெர்மான்ட் மாநிலத்தில் ஊர் ஊராகக் கணக்கெடுத்து 1973-இல் 'சயின்ஸ்' இதழில் வெளியிட்டார். அருகருகே இருந்த, மக்கள்தொகையின் இயல்பில் அதிகம் வேறுபடாத ஊர்களுக்கிடையே ஆபரேஷன்களின் எண்ணிக்கை பல மடங்கு வேறுபட்டது. டான்சில் அகற்றுவதில் இந்த ஏற்றத்தாழ்வு குறிப்பாகப் பெரிது. நோய் ஊருக்கு ஊர் அப்படி மாறவில்லை. அங்கிருந்த மருத்துவர்களின் வழக்கம் மாறியிருந்தது. விருப்பத்தைச் சொல்லாத நோயாளிக்கு அந்த மருத்துவமனையின் வழக்கமே விருப்பமாகிவிடுகிறது. இதில் யாருக்கும் கெட்ட எண்ணம் இருக்கத் தேவையில்லை. வெற்றிடம் கிடைத்தால் பழக்கம் வந்து உட்கார்ந்துகொள்ளும், அவ்வளவுதான்.

சரி, மருத்துவர் எதிரே உட்கார்ந்ததும் சொல்லிவிடலாமே, முன்கூட்டியே எதற்குத் தயாரிப்பு? ஏனென்றால் நிதானமாக யோசிப்பதற்கு அந்த அறையைவிட மோசமான இடம் கிடைப்பது அரிது. முதல் தடை நேரம். 67 நாடுகளின் தரவுகளைத் தொகுத்த 2017-ஆம் ஆண்டு ஆய்வின்படி, உலக மக்கள்தொகையில் பாதியைக் கொண்ட 18 நாடுகளில் முதல்நிலை மருத்துவச் சந்திப்பு ஐந்து நிமிடமோ அதற்கும் குறைவாகவோதான் நீடிக்கிறது. இரண்டாவது தடை குறுக்கீடு. 1984-இல் அமெரிக்காவில் பதிவு செய்து கேட்ட சந்திப்புகளில், நோயாளி பேசத் தொடங்கிச் சராசரியாக 18 நொடியில் மருத்துவர் இடைமறித்தார். 2018-இல் வந்த இன்னோர் ஆய்வில், இடைமறிக்கப்பட்டவர்களுக்குக் கிடைத்தது 11 நொடி. மூன்றாவது தடை நினைவு. சொல்லப்பட்டதில் 40 முதல் 80 சதவீதம் வரை உடனடியாக மறந்துபோகிறது, நினைவில் நிற்பதிலும் ஏறத்தாழப் பாதி தவறாக நிற்கிறது என்று 2003-இல் வெளியான ஓர் ஆய்வுத் தொகுப்பு சொல்கிறது. நான்காவது தடை பயம். 1992-இல் நடந்த ஒரு சோதனையில் 40 பெண்களுக்கு, மேமோகிராம் முடிவைச் சொல்லும் மருத்துவரின் வீடியோ காட்டப்பட்டது. விஷயம் ஒன்றேதான். பாதிப் பேருக்குக் கவலை தோய்ந்த முகத்தோடும் குரலோடும், மீதிப் பேருக்கு இயல்பாகவும் சொல்லப்பட்டது. கவலை முகத்தைப் பார்த்தவர்களுக்கு நாடித்துடிப்பு கூடியது, நோய் கடுமையானது என்று தோன்றியது, சொன்ன விஷயம் குறைவாகவே நினைவில் நின்றது. வீடியோவுக்கே இப்படி என்றால், தன் சொந்த ரிப்போர்ட்டைக் கேட்கிறவரின் நிலையைச் சொல்ல வேண்டியதில்லை. யோசிக்க வேண்டியதை வீட்டிலேயே யோசித்துவிட்டு, அறைக்குள் அதைச் சொல்வதற்கு மட்டும் நேரத்தைச் செலவழிப்பதுதான் வழி.

எதைக் கொண்டுபோவது?

தயாரிப்பு என்றதும் பலருக்கு நினைவுக்கு வருவது ஃபைல். அது தேவைதான். பயாப்ஸி ரிப்போர்ட், ஸ்கேன் படங்கள், ஏற்கெனவே சாப்பிடும் மாத்திரைகளின் பட்டியல், ஒவ்வாமை, பழைய ஆபரேஷன்கள், இன்சூரன்ஸ் அல்லது முதலமைச்சர் காப்பீட்டுத் திட்ட அட்டை எல்லாம் தேதி வரிசையில் இருக்கவேண்டும். வேறு மருத்துவமனையில் இரண்டாவது கருத்துக் கேட்பதாக இருந்தால் பயாப்ஸித் திசுவின் ஸ்லைடும் மெழுகு பிளாக்கும் உடன் வேண்டும். ஆவணங்களைக் கேட்டால் 72 மணி நேரத்துக்குள் கொடுக்கவேண்டும் என்று இந்திய மருத்துவக் குழுவின் 2002-ஆம் ஆண்டு நடத்தை விதிகள் சொல்கின்றன. ஆனால் ஃபைலில் இருப்பது எல்லாம் நோயைப் பற்றியது. அதற்கு முன்னால் ஒரு தாள் வைக்கவேண்டும், அதில் இருப்பது நோயாளியைப் பற்றியது. எந்த வேலை செய்கிறேன், அதற்குக் கையை எவ்வளவு தூக்க வேண்டியிருக்கிறது? வீட்டில் என்னை நம்பி இருப்பவர் யார், என்னைப் பார்த்துக்கொள்ள இருப்பவர் யார்? மருத்துவமனைக்குத் தினமும் வந்துபோக முடியுமா? இனிமேல் குழந்தை வேண்டுமா? கீமோ சில சமயம் கருமுட்டைகளைப் பாதிக்கும் என்பதால் இதை முதல் ஊசிக்கு முன்பே சொல்லியாகவேண்டும். நோய் திரும்பி வருமோ என்ற பயம் எனக்குப் பெரிதா, உடம்பு மாறுவது பெரிதா? எவ்வளவு பணம் புரட்ட முடியும், எதை விற்காமல்? கடைசிக் கேள்வியை அறைக்குள் கேட்கக் கூச்சமாக இருக்கும். தாளில் எழுதியிருந்தால் கூச்சம் பாதியாகும். பத்து வரி எழுதத் தேவையில்லை. எதை விட்டுக்கொடுக்கலாம், எதை விட்டுக்கொடுக்கவே முடியாது என்ற இரண்டு பட்டியல் போதும்.

அடுத்தது கேள்விகள். எத்தனை கேள்வி என்பதைவிட எந்த மாதிரிக் கேள்வி என்பது முக்கியம். ஆஸ்திரேலியாவில் 36 குடும்ப மருத்துவர்களிடம் நடிகர்கள் நோயாளிகளாக அனுப்பப்பட்டார்கள். இப்படி ஒரு சோதனை நடக்கும் என்பதற்கு மருத்துவர்கள் முன்பே சம்மதித்திருந்தார்கள், யார் எப்போது வருவார் என்பது மட்டும் தெரியாது. மனச்சோர்வு என்று சொல்லிக்கொண்டு போன நடிகர்கள் ஒரு சந்திப்பில் வழக்கம்போல் பேசினார்கள். இன்னொரு சந்திப்பில் மூன்று கேள்விகளைச் சேர்த்துக் கேட்டார்கள்: எனக்கு என்னென்ன வழிகள் இருக்கின்றன? ஒவ்வொன்றிலும் நன்மை என்ன, தீமை என்ன? அவை எனக்கு நடக்க எவ்வளவு வாய்ப்பு? 2011-இல் வெளியான முடிவுகளின்படி, கேள்வி கேட்கப்பட்டபோது அதே மருத்துவர்களே கூடுதலான, தரமான தகவலைக் கொடுத்தார்கள். சந்திப்பின் நேரம் கூடவில்லை. இந்த முடிவின் உட்பொருள் கவனிக்கத்தக்கது. அந்தத் தகவல் முதலிலிருந்தே மருத்துவரின் தலைக்குள் இருந்தது. யாரும் கேட்காததால் வெளியே வரவில்லை. இந்த மூன்றில் முதல் கேள்விக்குப் பதிலாக வரும் பட்டியலில் 'இதைச் செய்யாமல் விட்டால்' என்பதும் ஒரு வழியாக இடம்பெறவேண்டும். ஹார்மோனுக்குக் கட்டுப்படும் சிறிய கட்டியோடு வந்த, 70 வயதும் அதற்கு மேலும் ஆன 636 பெண்களிடம் நடந்த அமெரிக்க ஆய்வில், கட்டியை எடுத்துவிட்டு மாத்திரை மட்டும் சாப்பிட்டவர்களுக்கும் அதோடு ரேடியேஷனும் பெற்றவர்களுக்கும் பத்தாண்டு கழித்தும் ஆயுளில் வித்தியாசம் இல்லை. மார்பிலோ அக்குளிலோ நோய் திரும்புவது மட்டும் நூற்றுக்கு 10 ஆகவும் 2 ஆகவும் இருந்தது. எட்டுப் பேருக்கான இந்த வித்தியாசம் தனக்குப் பெரிதா சிறிதா என்பதை 75 வயதுப் பாட்டிதான் சொல்லவேண்டும்.

பதிலில் எண்கள் வரும்போது இன்னொரு தயாரிப்புத் தேவை. எண்ணைச் சொல்லும் விதமே முடிவை மாற்றிவிடும். பார்பரா மெக்நீல், ஏமஸ் ட்வெர்ஸ்கி முதலியோர் 1982-இல் நுரையீரல் புற்றுநோய் ஒன்றைக் கற்பனையாகக் கொடுத்து, ஆபரேஷனா ரேடியேஷனா என்று கேட்டார்கள். ஆபரேஷனில் 100 பேரில் 90 பேர் பிழைப்பார்கள் என்று சொன்னபோது அதைத் தேர்ந்தெடுத்தவர்களைவிட, 10 பேர் இறப்பார்கள் என்று சொன்னபோது தேர்ந்தெடுத்தவர்கள் குறைவு. கணக்கு ஒன்றுதான். தடுமாறியவர்களில் நோயாளிகள் மட்டும் இல்லை, மருத்துவர்களும் இருந்தார்கள். ஆகவே எந்த எண் வந்தாலும் அதன் மறுபக்கத்தையும் கேட்டு எழுதிக்கொள்வது நல்லது. விழுக்காட்டில் இன்னொரு கண்ணி இருக்கிறது. மார்பகத்தைக் காத்த 10,801 பெண்களின் விவரங்களைத் தொகுத்த 2011-ஆம் ஆண்டு ஆய்வில், ரேடியேஷன் 15 ஆண்டுகளில் மார்பகப் புற்றுநோயால் நேரும் இறப்பை 100-க்கு 25.2-இலிருந்து 21.4 ஆகக் குறைத்தது. இதை 'இறப்பில் ஏறத்தாழ ஆறில் ஒரு பங்கு குறைகிறது' என்றும் சொல்லலாம், 'நூறு பேருக்குக் கொடுத்தால் ஏறத்தாழ நான்கு பேர் கூடுதலாகப் பிழைப்பார்கள்' என்றும் சொல்லலாம். இரண்டும் உண்மை. ஆனால் முடிவெடுக்க உதவுவது இரண்டாவது. 'என்னைப் போன்ற நூறு பேரில் எத்தனை பேருக்கு, எத்தனை ஆண்டுக்குள்?' என்ற ஒரே கேள்வி இந்தக் கண்ணியை அவிழ்த்துவிடும்.

மூன்றாவதாக, உடன் வருபவர். துணைக்கு ஒருவர் வருவது நம் ஊரில் புதிதில்லை. அவருக்கு ஒரு வேலை கொடுப்பதுதான் புதிது. எழுதிக்கொள்வது அவர் வேலை. அல்லது மருத்துவரிடம் அனுமதி கேட்டுவிட்டு செல்போனில் பதிவு செய்வது. மறதி பற்றி மேலே சொன்ன எண்களுக்கு இதைவிட எளிய மருந்து இல்லை. எழுந்திருக்கும் முன் 'நான் புரிந்துகொண்டதைச் சொல்கிறேன், சரியா பாருங்க டாக்டர்' என்று ஒரு நிமிடம் திருப்பிச் சொன்னால் தவறாகப் பதிந்தது அங்கேயே திருந்தும். முடிவெடுக்க எத்தனை நாள் எடுத்துக்கொள்ளலாம் என்றும் கேட்கவேண்டும். ஆரம்பக் கட்ட மார்பகப் புற்றுநோயில் பெரும்பாலும் ஓரிரு வாரம் யோசிப்பதால் கெடுதல் வராது. மாதக்கணக்கில் தள்ளிப்போட்டால்தான் ஆபத்து. ஆனால் எல்லா நோயும் எல்லா நோயாளியும் ஒன்றல்ல என்பதால், தன் விஷயத்தில் எவ்வளவு அவகாசம் என்பதை மருத்துவர் வாயால் கேட்டுக்கொள்வதே சரி.

மறுப்புகள்

நெரிசல் மிகுந்த ஓ.பி.யில் இதெல்லாம் நடக்கிற காரியமா என்பது முதல் மறுப்பு. சுவிட்சர்லாந்தின் பாசல் நகரப் பல்கலைக்கழக மருத்துவமனையில், நோயாளி தானாக நிறுத்தும்வரை குறுக்கிட வேண்டாம் என்று மருத்துவர்களைக் கேட்டுக்கொண்டு 335 பேரின் பேச்சு நேரத்தை அளந்தார்கள். சராசரி 92 நொடி. நூற்றில் 78 பேர் இரண்டு நிமிடத்துக்குள் முடித்துவிட்டார்கள். ஒழுங்காகச் சொன்னால் வாழ்க்கையைச் சொல்லவும் அவ்வளவு நேரம்தான் ஆகும். சிகிச்சைத் தெரிவுகளை விளக்கும் கையேடு, வீடியோ போன்ற முடிவுக் கருவிகள் பற்றிய 209 ஆய்வுகளைத் தொகுத்து, மருத்துவ ஆய்வுகளைத் திரட்டி மதிப்பிடும் காக்ரேன் அமைப்பு 2024-இல் வெளியிட்ட அறிக்கை, அவற்றைச் சந்திப்பின்போது பயன்படுத்தினால் சுமார் ஒன்றரை நிமிடம் கூடுகிறது, முன்கூட்டியே பார்த்துவிட்டு வந்தால் நேரம் கூடுவதில்லை என்கிறது. நெரிசல் தயாரிப்புக்கு எதிரான காரணம் இல்லை. நேரம் குறையக் குறையத் தயாரிப்பின் தேவை கூடத்தான் செய்யும்.

நோயாளிகளில் பலர் முடிவெடுக்கவே விரும்புவதில்லை, 'எது நல்லதோ அதை நீங்களே பார்த்துச் செய்யுங்க டாக்டர்' என்கிறார்கள் என்பது இரண்டாவது மறுப்பு. உண்மைதான். கனடாவில் மார்பகப் புற்றுநோயுள்ள 1,012 பெண்களைக் கேட்டு 1997-இல் வெளியிட்ட ஆய்வில் 34 சதவீதத்தினர் முடிவை மருத்துவரிடம் விட விரும்பினார்கள். 44 சதவீதத்தினர் சேர்ந்து எடுக்கவும், 22 சதவீதத்தினர் தாங்களே எடுக்கவும் விரும்பினார்கள். தாம் விரும்பிய அளவு பங்கு கிடைத்ததாகச் சொன்னவர்கள் எல்லாருமாகச் சேர்ந்து 42 சதவீதம்தான். ஆகவே யார் எந்த வகை என்பதையும் ஊகிக்க முடியாது, கேட்டுத்தான் அறியவேண்டும். தவிர, முடிவை ஒப்படைப்பது வேறு, தகவலை மறைப்பது வேறு. முடிவெடுக்கும் பொறுப்பை மருத்துவரிடம் கொடுக்கிறவர்தான் தம் வாழ்க்கையைப் பற்றி அதிகம் சொல்லவேண்டும். ஏனென்றால் அவருக்காக இன்னொருவர் யோசிக்கப்போகிறார். 'நீங்களே முடிவு பண்ணுங்க டாக்டர், ஆனா தினமும் வந்துபோக என்னால முடியாது' என்ற ஒரு வாக்கியம் மரியாதையையும் குறைக்கவில்லை, தகவலையும் மறைக்கவில்லை.

நம் குடும்பங்களைப் பற்றியது மூன்றாவது மறுப்பு. இங்கே முடிவெடுப்பது தனி மனிதர் இல்லை, கணவரும் மகனும் அண்ணனும் கூடிப் பேசித்தான் எடுக்கிறார்கள், ஆகவே தனி நோயாளியை மையமாக வைத்த மேல்நாட்டு ஆய்வுகள் இங்கே பொருந்தாது என்பார்கள். குடும்பம் கூடிப் பேசுவதில் தவறேதும் இல்லை. பணம் கொடுப்பதும் பார்த்துக்கொள்வதும் குடும்பம்தான், அவர்களுடைய நிலைமையும் தாளில் எழுதவேண்டிய தகவலே. ஆனால் மேலே பார்த்த ஆய்வுகள் அளந்தது அதிகாரம் யாருக்கு என்பதை அல்ல, ஊகம் எவ்வளவு சரி என்பதை. முப்பது ஆண்டு அனுபவமுள்ள மருத்துவரின் ஊகம் அப்படித் தவறுமானால், மகனின் ஊகம் தவறாது என்று நம்ப ஆதாரம் வேண்டும். 'அம்மாவுக்குத் தெரிய வேண்டாம் டாக்டர்' என்று நோயின் பெயரையே மறைத்துவிட்டால், அம்மாவுக்கு எது முக்கியம் என்று கேட்கும் வழியும் அடைபட்டுப்போகிறது. சட்டமும் இதில் தெளிவாக இருக்கிறது. சிகிச்சையின் தன்மை, மாற்று வழிகள், முக்கியமான ஆபத்துகள், மறுத்தால் என்ன ஆகும் ஆகியவை நோயாளிக்குச் சொல்லப்படவேண்டும் என்று இந்திய உச்ச நீதிமன்றம் 2008-ஆம் ஆண்டுத் தீர்ப்பில் கூறியது.

நான்காவது மறுப்பு ஆய்வாளர்களிடமிருந்தே வருவது, ஆகவே அதற்குக் கூடுதல் மதிப்புக் கொடுக்கவேண்டும். சந்திப்புக்கு முன் நோயாளிகளுக்குக் கேள்வித் தாளோ பயிற்சியோ கொடுத்த 33 சோதனைகளைத் தொகுத்த 2007-ஆம் ஆண்டின் காக்ரேன் அறிக்கை, நோயாளிகள் கேட்கும் கேள்விகள் ஓரளவு கூடின, திருப்தி சற்றே கூடியது என்ற அளவில்தான் முடிவு சொல்கிறது. முடிவுக் கருவிகள் அறிவைக் கூட்டுகின்றன, வாய்ப்புகளைச் சரியாக மதிப்பிட உதவுகின்றன, தமக்கு முக்கியமானதோடு பொருந்தும் தேர்வுக்கு வழி செய்கின்றன. இவற்றுக்கு ஆதாரம் வலுவானது. ஆயுள் கூடுகிறது என்பதற்கு இல்லை. ஆனால் நம் வாதம் ஆயுளைக் கூட்டுவது பற்றியதும் இல்லை. ஆயுள் ஒன்றாக இருக்கும் இரண்டு வழிகளில் எது இவருக்கு ஏற்றது என்பதுதான் கேள்வி, அதை அளக்கும் அளவுகோலில் தயாரிப்பு தேறுகிறது. மாரடைப்பு, விபத்து, பக்கவாதம் போன்றவற்றில் நிமிடங்கள் முக்கியம், அங்கே தாளுக்கும் பட்டியலுக்கும் வேலை இல்லை. இணையத்தில் படித்துவிட்டு வரும் நோயாளி மருத்துவரோடு சண்டை போடுவார் என்ற அச்சத்துக்கும் இங்கேயே பதில் இருக்கிறது. நோயைப் பற்றிய பாதியில் மருத்துவரோடு போட்டி போடுவது தயாரிப்பு ஆகாது. தனக்கு மட்டுமே தெரிந்த பாதியைக் கொண்டுபோவதுதான் தயாரிப்பு.

இந்தப் பாதியின் தேவை இனிமேல் கூடிக்கொண்டே போகும். பிரிட்டனில் புராஸ்டேட்டுக்குள் அடங்கிய புற்றுநோயுள்ள 1,643 ஆண்களுக்கு ஆபரேஷன், ரேடியேஷன், அல்லது எதுவும் செய்யாமல் தொடர்ந்து கண்காணித்தல் என்று குலுக்கல் முறையில் கொடுத்துப் பார்த்தார்கள். 2023-இல் வெளியான பதினைந்தாண்டு முடிவில், எந்தக் குழுவை எடுத்தாலும் நூறு பேரில் ஏறத்தாழ 97 பேர் அந்தப் புற்றுநோயால் இறக்கவில்லை. சிறுநீர்க் கசிவு, ஆண்மைக் குறைவு, நோய் பரவும் வாய்ப்பு ஆகியவற்றில் குழுக்கள் வேறுபட்டன. சிகிச்சைகள் நன்றாக ஆக ஆக, உயிரைக் காப்பதில் சமமான, வாழ்வதில் வேறுபட்ட வழிகள் பெருகுகின்றன. அவற்றுக்கிடையே தேர்ந்தெடுக்கும் வேலையை இன்னும் நுட்பமான ஸ்கேன் எதுவும் செய்து தராது. ஆகவே தயாரிப்பு பலித்ததா என்று பார்க்க ஓர் எளிய சோதனை உண்டு. மருத்துவரைப் பார்த்துவிட்டு வந்தவரிடம் 'ஏன் இந்தச் சிகிச்சை?' என்று கேட்டால், அவர் சொல்லும் காரணத்தில் கட்டியைப் பற்றி ஒரு வாக்கியமும் அவரைப் பற்றி ஒரு வாக்கியமும் இருக்கவேண்டும். இரண்டாவது வாக்கியம் இல்லையென்றால், கையெழுத்துப் போடுவதற்கு முன் இன்னொரு முறை மருத்துவரைப் பார்த்துப் பேசுவது நல்லது.